கால் சுடுது, சீக்கிரம் எடுங்க

"அங்க பாத்துப் பேசாதீங்கம்மா, என்னைப் பாத்துச் சொல்லுங்க" என்கிறார் பஸீலா, ஜாக்கெட் அளவு கொடுக்க வந்த பெண்ணிடம். தில்லை நகரில் ஒரு பல் ஆஸ்பத்திரியை ஒட்டியிருக்கிறது அவருடைய தையற்கடை. பள்ளியில் படிக்கும்போது வந்த மூளைக்காய்ச்சல் இரண்டு காதுகளையும் கொண்டுபோய்விட்டது. அன்றிலிருந்து உதடுகளைப் பார்த்துத்தான் ஊரைக் கேட்கிறார். முகக்கவசம் போட்டுத் திரிந்த நாட்களைப் பற்றி விசாரித்தால், "கொரோனாவுல ஊரே ஊமையாயிடுச்சு" என்பார்.

டப்பிங் சீரியல் அவருக்கு ஆகாது. "வாய் ஒண்ணு சொல்லுது, கதை வேற எங்கயோ போவுது" என்று டிவியை அணைத்துவிடுவார். மீசை உதட்டை மூடும் செய்தி வாசிப்பாளர்கள் மீதும் கோபம் உண்டு.

கடைக்கு வெளியே அவர் பேசுவதில்லை. குரல் ஏற்ற இறக்கமில்லாமல் இழுத்து இழுத்து வரும். பள்ளியில் அதைப் போலவே பேசிக் காட்டிச் சிரித்தார்கள். பஸ்ஸிலும் பாங்கிலும் மகள் சம்ரீன்தான் அவருக்காகப் பேசுவாள். "என் குரல் நல்லா இருக்காதாம். நான் கேட்டதில்ல."

போன வருஷம், மனைவியின் துணியை வாங்கிப்போக வந்தார் கல்லூரிப் பேராசிரியர் அமிர்தசாமி. ஸ்ரீரங்கத்தில் இடிக்கவிருந்த ஒரு வீட்டின் பரணில் அவருக்கு ஒரு தகர டப்பா கிடைத்திருந்தது. உள்ளே, அழிந்தே போய்விட்டதாக எல்லோரும் நினைத்திருந்த ஓர் ஊமைப்படம். சுருளில் பெரும்பகுதி பிசினாக உருகி ஒட்டியிருந்தது. பிழைத்தது ஒரே காட்சி. வீட்டைவிட்டுப் போகும் கணவனின் காலைப் பிடித்து மனைவி கெஞ்சுகிறாள். படத்தின் கதைச்சுருக்கம் பழைய பத்திரிகையில் கிடைத்தது; வசனம் எழுதிய அட்டைகள் இல்லை. நடிகை யாரென்றும் தெரியவில்லை.

செல்போனை நீட்டினார் அமிர்தசாமி. "என்ன பேசறாங்கன்னு தெரியுதா, பஸீலாம்மா?"

"மெதுவா ஓட்டுங்க சார்." கத்தரிக்கோலைக் கீழே வைத்துவிட்டுப் பார்த்தார். "அந்த ஆளு பேசறது தமிழே இல்ல. இந்தம்மா தமிழுதான். 'கால் சுடுது, சீக்கிரம் எடுங்க'ங்கறாங்க."

அமிர்தசாமிக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. அந்தக் காலத்தில் வெட்டவெளியில், வெயிலில்தான் படம் பிடித்தார்கள். பஸீலா சிரிக்கவில்லை. நடிகை சட்டென்று முகத்தைத் திருப்பி, படத்துக்கு வெளியே யாரையோ பார்க்கும் இடத்தை மறுபடி மறுபடி போடச் சொன்னார்.

"புள்ள அழுவுது. யாராவது தூக்குங்களேன்."

"கதையில புள்ளையே கிடையாதே!"

"கதையில இல்ல சார். அந்தம்மாவுக்கு இருந்திருக்கு."

குழந்தையின் பெயரையும் அவள் சொல்கிறாள். ஆனால் பாமாவா, மாமாவா, பாப்பாவா என்று பஸீலாவால் பிரிக்க முடியவில்லை. "ப-வும் ம-வும் உதட்டுல ஒண்ணுதான். தெரியாததைச் சொல்ல மாட்டேன்."

கல்லூரியில் படத்தைப் போடும்போது அவரே வந்து பேச வேண்டும் என்று கேட்டார் அமிர்தசாமி. பஸீலா தலையை ஆட்டி மறுத்துவிட்டார். சில நாள் கழித்து அவரிடமிருந்து செல்போனில் செய்தி வந்தது: "வரேன் சார். அந்தம்மா குரலையும் யாரும் கேட்டதில்லையே."

அரங்கம் நிரம்பியிருந்தது. சம்ரீன் மைக்கைப் பிடித்துக்கொள்ள, திரையைப் பார்த்தபடி பஸீலா சொன்னார்: "கால் சுடுது, சீக்கிரம் எடுங்க." கூட்டம் வெடித்துச் சிரித்தது. திரும்பிப் பார்த்த பஸீலாவின் முகம் சுருங்கியது. எழுந்துபோகப் பார்த்தார்.

சம்ரீன் குனிந்து, திரையின் வெளிச்சம் தன் முகத்தில் விழும்படி நின்றாள். "உன்னைப் பாத்து இல்லம்மா. அந்தம்மா சொன்னதுக்குச் சிரிக்கிறாங்க."

பஸீலா மறுபடி உட்கார்ந்தார். நடிகை முகத்தைத் திருப்பினாள்.

"புள்ள அழுவுது." குரல் இழுத்துக்கொண்டு வந்தது. "யாராவது தூக்குங்களேன்."

முன்வரிசையில் ஓர் அம்மாள் மடியிலிருந்த குழந்தையை இழுத்து அணைத்துக்கொண்டார்.

விளக்குகள் எரிந்தன. கூட்டத்தைத் தயங்கித் தயங்கிப் பார்த்தார் பஸீலா. வரிசை வரிசையாக எல்லா உதடுகளும் ஒரே சொல்லைச் சொல்லிக்கொண்டிருந்தன: "மறுபடியும்!"

சம்ரீன் கையிலிருந்த மைக்கைத் தானே வாங்கி, வாயருகே பிடித்துக்கொண்டார்.