மஞ்சள் ஒட்டாத பத்திரிகை

கடைசி மகளின் கல்யாணப் பத்திரிகையை எடுத்துக்கொண்டு முதலில் ஐயம்பேட்டைக்குத்தான் போனேன். என் நாத்தனார் வீடு அங்கே. நான் வாழ வந்த நாளிலிருந்து எனக்கும் அவளுக்கும் ஆகாது. இருந்தாலும் பெண்ணுக்கு நலங்கு வைக்க அத்தைதான் முதல் கை வைக்க வேண்டும். அவள் வராவிட்டால் மாப்பிள்ளை வீட்டார் முன்னால் நான் தலைநிமிர முடியாது.

உறையிலிருந்து எடுத்துத் திருப்பிப் பார்த்தாள். நாலு மூலையும் வெள்ளைவெளேரென்று இருந்தன.

"மஞ்சள் எங்க? யாருக்குக் கருமாதி?"

காலையில் என் கையால் தடவிய மஞ்சள். காய்ந்து, பொடியாய் உதிர்ந்து உறைக்குள் கிடந்தது. கொட்டிக் காட்டினேன்.

"எனக்குன்னா உதுந்த மஞ்சள்தானா?" என்று பத்திரிகையை என் மடியிலேயே போட்டாள்.

நேரே அச்சுக்கடைக்குப் போனேன். அடிக்கக் கொடுத்த அன்றைக்கே கடைக்காரன் "டூ சைடு கோட்டட் கார்டு" என்றான். அப்படியென்றால் என்ன என்று கேட்டதற்கு, "தொழில் பேச்சும்மா, உனக்குப் புரியாது" என்று சிரித்தான். எழுத்துக்கூட்டிப் படிக்கிறவள் என்றால் அவ்வளவு இளக்காரம்.

"இப்ப சொல்லு. புரியுதா இல்லையான்னு நான் சொல்றேன்."

"கத்தாதம்மா, ஆளுங்க பாத்துக்கினு இருக்காங்க."

"பாக்கட்டும்."

"காகிதத்துக்கு ரெண்டு பக்கமும் வெள்ளை மண்ணைக் கூழாக்கிப் பூசித் தேய்ச்சிருக்கும்மா. அதான் பளபளப்பு. ஈரம் உள்ள இறங்காது."

"தறியில பாவு நூலுக்குக் கஞ்சி போட்டாப்பல."

"ஆமா."

"இதுவா எனக்குப் புரியாது? கல்யாணப் பத்திரிகைக்கு மஞ்சள் தடவுவாங்கன்னு உனக்குப் புரியலையே!"

"ஒரு பக்கம் மட்டும் பூசினதும் இருக்குது. உன் புள்ளதான் பளபளன்னு கேட்டாரு."

மறுபடி அடிக்க நாளில்லை என்று கையை விரித்தான். வீட்டுக்கு வந்து மகனை உட்காரவைத்து, உப்புத்தாளால் எல்லாப் பத்திரிகைகளின் மூலைகளையும் தேய்க்கச் சொன்னேன்.

"டிசைன் போயிடும்மா."

"போகட்டும். தேய்."

பூச்சு போய்க் காகிதம் சொரசொரப்பானது. மஞ்சள் ஊறிப் பிடித்தது.

மறுபடியும் ஐயம்பேட்டை. நாத்தனார் விரலில் எச்சில் தொட்டு மூலையைத் தேய்த்துப் பார்த்தாள். மஞ்சள் போகவில்லை.

"என்னா, எலி கடிச்சாப்பல இருக்குது?"

"மஞ்சள் இருக்குதா, இல்லையா?"

பத்திரிகையைச் சாமி படத்துக்குக் கீழே வைத்தாள்.

நலங்குக்கு வந்தாள். முதல் கை அவளுடையதுதான். போகும்போது, ரசத்தில் உப்பில்லை என்று நாலு பேர் காதில் விழும்படி சொல்லிவிட்டுப் போனாள். உப்பு சரியாகத்தான் இருந்தது.