தரையோரக் காற்று

தென்காசிக் கோயிலின் கோபுர வாசலில்தான் அவருக்கு முதலில் மூச்சு முட்டியது. ஆளையே தள்ளுகிற காற்று வீசும் இடம் அது. அங்கே நின்றுகொண்டு என் கணவர் காற்றுக்குத் தவித்தார். பட்டணத்தில் தீயணைப்புப் படையில் இருபத்திரண்டு வருஷம் வேலை பார்த்து, எரிகிற சரக்குக் கிட்டங்கிகளுக்குள் புகுந்து ஆட்களைத் தூக்கி வந்தவர். "வயசாயிட்டுல்லா உங்களுக்கு?" என்று கேலி செய்தேன். சிரிக்கப் பார்த்து இருமினார்.

டாக்டர் நெஞ்சில் குழாய் வைத்துப் பார்த்து, பிராங்கைட்டிஸ் (மூச்சுக்குழாய் வீங்கிச் சளி கட்டும் நோய்) என்றார். வேலையில் குடித்த புகைதான் காரணமாம். மூக்கில் வாசனை தெரிவதும் எப்போதோ போயிருந்தது.

"வீட்ல புகை உண்டுமா?" என்று என்னைக் கேட்டார்.

"இல்லய்யா. அடுப்பைப் பின்கட்டுக்கு மாத்தியாச்சு." பெருமையாகவே சொன்னேன்.

சாரல் காற்று நல்லது என்று சொந்தக்காரர்கள் சொன்னார்கள். ஆனி மாதம் குற்றாலத்தில், ஐந்தருவி போகும் பாதையில் ஓர் அறை எடுத்தோம். ஓயாத ஈரம், பாயும் போர்வையும் நமுத்துப்போயின. ஈரம் அவர் நெஞ்சில் இறங்கிவிடுமே என்று பயந்து, காலையும் மாலையும் கதவைச் சாத்திக் கட்டிலுக்கடியில் சாம்பிராணி போட்டேன். நோயாளி இருக்கும் வீட்டில் என் அம்மாவும் அதைத்தான் செய்தாள். சாம்பிராணியைப் புகை என்று நான் ஒரு நாளும் நினைத்ததில்லை. உங்கள் வீட்டில் இருமுகிறவர் இருந்தால், இந்த ஒன்றுக்காகவாவது இதை வாசியுங்கள்.

சட்டி வைத்ததும் அவர் கட்டிலைவிட்டு இறங்குவார். கதவிடுக்கில் முகம் வைத்துக் குப்புறப் படுப்பார். "ஈரத் தரையில கெடந்தா என்னத்துக்கு ஆவும்?" என்று ஏசி, தூக்கி மறுபடி கட்டிலில் கிடத்துவேன். மறுக்கமாட்டார்.

ஆடியில், அவரோடு வேலை பார்த்தவர் ஒருவர் பார்க்க வந்தார். கதவைத் திறந்து, தரையில் கிடந்தவரைக் கண்டதும் சாம்பிராணிச் சட்டியைத் தூக்கி வெளியே வைத்தார்.

"மைனி, பொகை மேல ஏறும். காத்து தரையோட கெடக்கும். குப்புறக் கெடந்து கதவைத் தேடணும்னு அண்ணாச்சிதான் எங்களுக்குச் சொல்லிக் குடுத்தாவ. அதனாலதான் நான் இன்னும் உசுரோட இருக்கேன்."

அவர் போனபின் கணவரிடம் கேட்டேன்: "எங்கிட்ட ஏன் சொல்லல்ல?"

"எனக்குன்னு ஆசையாப் போடுத. அதப் போயி வேண்டாங்கச் சொல்லுதியா?" அதைச் சொல்லி முடிக்க அவருக்கு நான்கு மூச்சு தேவைப்பட்டது.

அன்றோடு சாம்பிராணி நின்றது. பத்து நாள் தெளிந்தார். ஒரு வேளை வயிறாரச் சாப்பிட்டார். ஐப்பசியில் போய்விட்டார். எப்படியும் இப்படித்தான் முடிந்திருக்கும் என்றார் டாக்டர். என்னால் அதை நம்ப முடியவில்லை.

இப்போது நான் கட்டிலில் படுப்பதில்லை. பக்கத்து வீட்டிலிருந்து சாம்பிராணி வாசனை வந்தால் என் உடம்பு தானாகத் தரைக்கு இறங்கிவிடுகிறது. ஊராரைப் புகையிலிருந்து தூக்கி வெளியே கொண்டுவந்தவரை நான் தூக்கிப் புகைக்குள் கிடத்தினேன். வருஷங்கள் எத்தனையோ போய்விட்டன. அக்குளில் கைகொடுத்துத் தூக்கிய அந்தக் கனம் மட்டும் என் கைகளைவிட்டு இறங்கவில்லை.