களத்திலிருந்து எடுத்த சேவல்

என் தம்பி துலோவைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் அவனைச் சூதாடி என்றுதான் தொடங்குகிறார்கள். அது தவறு. லிகாயன் ஊரில் சேவல் களம் நடத்தியவன் அவன். ஆனால் ஒரு பந்தயம்கூடக் கட்டியவன் இல்லை. கூடப் பிறந்தவள் நான், எனக்குத் தெரியும்.

அப்பா இறந்தபோது அடக்கத்துக்கு வழி இல்லாமல் இருந்தோம். எங்கள் பக்கத்தில் துக்க வீட்டில் காசு சுண்டி ஆடுவார்கள். ஜெயித்தவர் ஒவ்வொரு ஆட்டத்துக்கும் வீட்டுக்காரருக்கு ஒரு பங்கு போட வேண்டும். அந்தப் பங்கில்தான் பெட்டி வாங்குவது, பூசைக்குக் கொடுப்பது எல்லாம். அப்பாவின் பெட்டிக்குப் பக்கத்தில் தகர டப்பாவோடு உட்கார்ந்திருந்தவன் துலோ. கல்லறையிலிருந்து திரும்பும் வழியில் என்னிடம் சொன்னான்: "அக்கா, கவனிச்சியா? ஆடுனவங்க பூரா தலையைத் தொங்கப் போட்டுக்கிட்டுப் போறாங்க. டப்பா மட்டும்தான் நெறஞ்சிருக்கு. நான் எப்பவும் டப்பா பக்கம்தான்."

அப்படியே இருந்தான். மூங்கில் படிகள் கட்டிய சின்னக் களத்தில் ஆரம்பித்தான். புயல் ஒரு முறை கூரையைத் தூக்கிக்கொண்டு போன பிறகு சிமெண்டில் கட்டினான். ஞாயிறு தோறும் பக்கத்துத் தீவிலிருந்துகூட ஆள் வரும். வாசலுக்கு உள்ளே எனக்கு ஒரு கடை போட்டுக் கொடுத்தான். இஞ்சி போட்ட கோழிக் கஞ்சி என் கையில் நன்றாக வரும்.

எங்கள் களத்தில் பந்தயத்துக்குச் சீட்டு கிடையாது. கிறிஸ்தோக்கள் என்று சொல்லும் ஆட்கள் நடுவில் நின்று, சிலுவையில் தொங்குகிற மாதிரி இரண்டு கையையும் விரித்துப் பந்தயம் பிடிப்பார்கள். பெயர் அதனால் வந்ததுதான். பெரிய சேவலின் பக்கம் "உண்டு", எதிர்ப்பக்கம் "இல்லை". படியில் இருப்பவர் விரலைக் காட்டுவார், கிறிஸ்தோ தலையசைப்பார். அத்தோடு முடிந்தது. விரல் நிமிர்ந்தால் ஒரு தொகை, சாய்ந்தால் வேறு தொகை. அசைத்த தலையை மறுபடி அசைத்து மாற்ற முடியாது. யார் கத்தினாலும் அழுதாலும் பந்தயம் பந்தயம்தான். துலோ களத்தின் பெயரே அதில்தான் நின்றது.

ஒரே ஒரு விலக்கு உண்டு. சேவல்களைத் தரையில் விடுவதற்கு முன்னால் சேவல்காரர் தன் சேவலை எடுத்துக்கொண்டு போகலாம். களத்துக்கு முதுகைத் திருப்பி, இடது கையை நெஞ்சோடு சேர்த்து, தலையைக் குனிந்துகொண்டால் போதும். எடுத்தாயிற்று என்று பொருள். அந்த நிமிடமே எல்லாப் பந்தயமும் செத்துவிடும். எடுத்த சேவலின் மேல் அன்று முழுக்க யாரும் பந்தயம் கட்டக் கூடாது. எடுத்தவர் அதே சேவலை அடித்து இரண்டு பக்கத்தாருக்கும் சோறு போட வேண்டும். இது துலோ வைத்த சட்டம். மானக்கேடான காரியம் என்பதால் நான் அறிய ஓரிருவர்தான் செய்திருக்கிறார்கள்.

இனி அரசியலுக்கு வருகிறேன். எங்கள் படகுத் துறையின் பாதி புயலில் போய்விட்டது. மேயர் லம்பெர்தோ அர்போலேடா, அவருக்கு முன்னால் அவருடைய அப்பா, இருவரும் தலைநகர் மணிலாவுக்குக் கடிதம் எழுதிக்கொண்டே இருந்தார்கள். களத்துக்கு வருகிறவர்கள் இடுப்பளவு தண்ணீரில் சேவலைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்துக்கொண்டு வருவார்கள். துலோ தன் செலவில் மரமும் கல்லும் கொண்டுவந்து துறையைக் கட்டி முடித்தான். திறப்பு விழாவில் நாடாவை வெட்டியது லம்பெர்தோ. கைதட்டு ஓய்வதற்குள் மைக்கைப் பிடித்து, "நண்பர் துலோவோட சூதாட்டப் பணமும் ஒரு நல்ல காரியத்துக்குப் பயன்பட்டிருக்கு" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். துலோவும் சிரித்தான். வீட்டுக்கு வந்து சாப்பிடாமல் எழுந்து போனான். அடுத்த மேயர் தேர்தலில் லம்பெர்தோவை எதிர்த்து மனுப் போட்டான்.

வாக்கு எண்ணி முடித்தபோது இருவருக்கும் சமம். ஒன்றுகூட முன்பின் இல்லை. மறுபடி எண்ணினார்கள், அதே கணக்கு. எங்கள் நாட்டுச் சட்டப்படி சமமானால் குலுக்கல். தேர்தல் அதிகாரி அம்மாள் மாகாணத் தலைநகரிலிருந்து வந்து, நகராட்சி மண்டபத்தில் எல்லோருக்கும் முன்னால் காசு சுண்டுவது என்று அறிவித்தார். இருவரும் ஆளுக்கொரு முறை போட வேண்டும். ஒருவருக்குத் தலையும் மற்றவருக்குப் பூவும் விழுந்தால் தலை விழுந்தவர் மேயர்.

ஊர் என்ன பேசியிருக்கும் என்று சொல்லத் தேவையில்லை. சந்தையில் மீன்காரி என் முகத்துக்கு நேரே சொன்னாள்: "ஒன் தம்பிக்குக் காசு சுண்டச் சொல்லியா குடுக்கணும்? பூனைகிட்ட மீனைக் குடுத்துக் காவல் காக்கச் சொன்ன கதைதான்." துலோவின் கவலையும் அதுவே. "தோத்தா வீட்டுக்குப் போயிடுவேன் அக்கா. ஜெயிச்சா, நான் கைவரிசை காட்டிட்டேன்னு கல்லறை வரைக்கும் சொல்லுவாங்க."

குலுக்கல் நாள் காலை மாடி மண்டபம் நிறைந்து வழிந்தது. கீழே முற்றத்திலும் கூட்டம். களத்தின் ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம் மொத்தமும் அங்கேதான் இருந்தது. அதிகாரி அம்மாள் முதலில் சட்டத்தை வாசித்தார். வேட்பாளர் விலகுவதானால் கையெழுத்திட்டு எழுதிக் கொடுக்க வேண்டும். தேர்தல் முடிவின் மேல் பந்தயம் கட்டுவது குற்றம், கட்டியவருக்குச் சிறை. வேட்பாளருக்கு அதில் பங்கிருந்தால் பதவியே போகும். கடைசி வரியை லம்பெர்தோ அவரை மறுபடி வாசிக்கச் சொன்னார். லம்பெர்தோவின் மைத்துனன் மாடிப்படியில் நின்று, கைப்பேசியை முற்றத்தின் பக்கம் நீட்டிப் பிடித்திருந்தான்.

பிறகு லம்பெர்தோ எழுந்தார். வக்கீல் என்பதால் எழுந்து நின்றுதான் பேசுவார். "அம்மா, இவர் கை என்ன கைன்னு ஊருக்கே தெரியும். வெறுங்கையால சுண்டக் கூடாது. கண்ணாடி டம்ளர்ல போட்டுக் குலுக்கிக் கவுக்கட்டும். சட்டைக் கையையும் மடிக்கச் சொல்லுங்க."

துலோ நான் இஸ்திரி போட்ட அன்னாசி நார்ச் சட்டையைப் போட்டிருந்தான். கைகளை அகல விரித்துக் காட்டினான். "இந்தத் துணியில என் தொப்புளே தெரியுது வக்கீலய்யா. காசை எங்க ஒளிச்சு வைக்கறது?"

அதிகாரி அம்மாள்கூடச் சிரித்துவிட்டார். அவன் கையை மடித்துக்கொண்டான். டம்ளர் கொண்டுவர ஆள் போனது.

நான் ஜன்னலோரம் நின்றிருந்தேன். காற்றுக்காகக் கீழே பார்த்தேன். 

முற்றத்து நடுவில் கிழவர் ஓன்யோங் நின்றிருந்தார். துலோ களத்தின் முதல் கிறிஸ்தோ அவர்தான். கைகள் மெல்ல இரண்டு பக்கமும் விரிந்துகொண்டிருந்தன. அவருக்குப் பின்னால் இன்னொருவர், அதற்கப்பால் இன்னொருவர். கூட்டத்தில் விரல்கள் நிமிர்ந்தன, சாய்ந்தன. வாய் திறந்து யாரும் கத்தவில்லை. தலைகள் மட்டும் அசைந்தன. கெட்ட எண்ணத்தில் அவர்கள் செய்யவில்லை என்று சத்தியம் செய்வேன். இரண்டு பேர் எதிரெதிரே நின்றால் அவர்கள் கை தானாக எழும்பிவிடும். மைத்துனனின் கைப்பேசி இன்னும் அவர்களைத் தேடிக்கொண்டிருந்தது. வெயில் எதிரே அடித்ததால் அவன் கண்ணைச் சுருக்கிக்கொண்டு நின்றான்.

தண்ணீர் கொடுக்கிற சாக்கில் துலோவிடம் போய்க் குனிந்தேன். "கீழ கை விரிக்கறாங்கடா."

அவன் தண்ணீரைக் குடித்து முடித்தான். "யாரு?"

"எல்லாரும்."

"ஓன்யோங் அண்ணனுமா?"

"ஆரம்பிச்சு வச்சதே அவர்தான்."

"நிறுத்தச் சொல்லிக் கத்துனா?"

"கத்துனா பந்தயம் நடக்குதுன்னு நீயே ஒத்துக்கிட்ட மாதிரி. அவங்களும் நிறுத்த மாட்டாங்க. தலையசைச்சாச்சு. நீ பழக்கிவிட்டதுதானே?"

அவன் முகம் அப்படி மாறி நான் பார்த்ததில்லை. டம்ளர் வந்துவிட்டது. அதிகாரி அம்மாள் உறையைக் கிழித்துப் புதுக் காசை எடுத்தார். மைத்துனன் வெயிலைத் தவிர்க்க இரண்டு படி கீழே இறங்கினான். இன்னும் ஒரு படி இறங்கினால் முற்றம் முழுக்க அவன் கைப்பேசிக்குள் வந்துவிடும்.

"ஒரு நிமிஷம்மா, காத்து வாங்கிட்டு வந்துடறேன்" என்று துலோ எழுந்து மாடி முகப்புக்குப் போனான். கம்பியருகே முற்றத்தைப் பார்த்து நின்றான். கீழே எல்லோரும் நிமிர்ந்து பார்த்தார்கள். ஒருவன் "துலோ! துலோ!" என்றுகூடக் கூவினான். என் தம்பி அவர்களுக்கு முதுகைத் திருப்பினான். இடது கையை நெஞ்சோடு சேர்த்தான். தலையைக் குனிந்துகொண்டான்.

முற்றத்தில் ஒரு முனகல் கேட்டது. ஓன்யோங்கின் கைகள் இறங்கின. பிறகு எல்லாக் கைகளும் இறங்கின. மைத்துனன் கடைசிப் படியில் கால் வைத்தபோது ஒரு விரல்கூட வெளியில் இல்லை. ஆனால் வாயை யார் அடக்குவது?

"எடுத்துட்டான்யா! துலோ எடுத்துட்டான்!"

"இதுக்கா படகேறி வந்தோம்? தூ!"

லம்பெர்தோ துள்ளி எழுந்தார். "கேட்டீங்களா அம்மா? விலகிட்டாராம்! ஊரே சொல்லுது. பதிவு பண்ணுங்க."

அதிகாரி அம்மாள் காசை மேசையில் வைத்தார்.  "உள்ள வாங்க. விலகறீங்களா?"

துலோ வந்து உட்கார்ந்தான். "இல்லம்மா."

"அப்ப அந்தச் சாடைக்கு என்ன அர்த்தம்?"

"சேவல்காரங்க சாடைம்மா. சேவலை எடுத்துக்கிட்டேன்னு அர்த்தம்."

"இங்க ஏதய்யா சேவல்?" என்றார் லம்பெர்தோ.

"அதைத்தான் நானும் அவங்ககிட்ட சொன்னேன் வக்கீலய்யா. இங்க சேவல் இல்ல."

 லம்பெர்தோ ஒரு நாள்கூடக் களத்துப் படியில் உட்காராத மனிதர். சாடையின் பொருள் அவருக்குப் பிடிபடவில்லை. "சாட்சி இருக்கு, நூறு பேர் கேட்டிருக்காங்க" என்றார்.

"விலகணும்னா கையெழுத்துப் போட்டு எழுதிக் குடுக்கணும்னு அம்மா வாசிச்சாங்க. நான் எதுவும் எழுதல" என்றான் துலோ. 

அதிகாரி அம்மாள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். மைத்துனனைக் கூப்பிட்டு அவன் பிடித்த படத்தைப் பார்த்தார். முதல் பாதி வெயில் கூச்சம், பிற்பாதியில் கையைக் கட்டிக்கொண்டு நிற்கிற கூட்டம். "எழுத்துல இல்லாதது விலகல் இல்ல. போடுங்க" என்றார்.

லம்பெர்தோ குலுக்கிக் கவிழ்த்தார். தலை. துலோ கவிழ்த்தான். தலை. மறுபடி போட வேண்டும். லம்பெர்தோ இம்முறை அதிக நேரம் குலுக்கினார். பூ.

துலோ டம்ளரை வாங்கிக்கொண்டான். அன்றைக்கு முன்னால் அவன் ஆட்டத்துக்கென்று காசைக் கையில் எடுத்ததே இல்லை. குலுக்கினான் என்றுகூடச் சொல்ல முடியாது. டம்ளரை எடுத்த அசைவில் காசு தானாகக் குலுங்கியது. கவிழ்த்துவிட்டுக் கையை எடுத்துக்கொண்டான். டம்ளரைத் தூக்கியது அதிகாரி அம்மாள்தான்.

தலை.

லம்பெர்தோ கைகுலுக்கினார், அதைச் சொல்லாமல் விடுவது நியாயமில்லை. டம்ளர் அவர் கேட்டது, சட்டைக் கையை மடித்தது அவருக்காக. கைவரிசை காட்டினான் என்று சொல்ல அவருக்கு ஒன்றும் மிஞ்சவில்லை. இன்றுவரை ஊரில் ஒருவரும் அந்தச் சொல்லைச் சொன்னதில்லை.

முடிவை முற்றத்தில் அறிவித்தபோது யாரும் கைதட்டவில்லை. ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். எடுத்த சேவல் ஜெயித்தால் கூவலாமா கூடாதா என்று அவர்களுக்குப் புரியவில்லை. துலோ படியிறங்கி வந்தான். ஓன்யோங் வழியை மறித்தார்.

"மேயரய்யா, எத்தனையோ வருசமா கை விரிக்கறேன். எடுத்த சேவல் ஜெயிச்சு இன்னைக்குத்தான் பாக்கறேன்."

"நான் எடுக்கலேன்னா நீங்க இந்நேரம் போலீஸ் வண்டியில கை விரிச்சிருப்பீங்க அண்ணே."

கிழவர் படியில் நின்ற மைத்துனனை அப்போதுதான் பார்த்தார். கையை மெதுவாகச் சட்டைப் பைக்குள் விட்டுக்கொண்டார். பிறகு குரலை உயர்த்தினார். "அதெல்லாம் இருக்கட்டும். எடுத்தவன் சோறு போடணும். ரெண்டு பக்கத்துக்கும். சட்டம் யார் வச்சது?"

அப்போதுதான் சிரிப்பு வந்தது. துலோ என்னைப் பார்த்தான். "அக்கா, அடுப்பு இருக்கா?"

மேயரானவர் சேவல் களத்தில் பங்கு வைத்திருக்கக் கூடாது என்பது நாட்டுச் சட்டம். அந்த வாரமே துலோ களத்தைப் பக்கத்துத் தீவுக்காரர் ஒருவருக்கு எழுதிக் கொடுத்துவிட்டான். என் பெயரில் மாற்றிக்கொள்ளலாம் என்று பலர் காதில் ஓதினார்கள். "அக்கா பேருன்னா என் பேருதான்" என்று மறுத்துவிட்டான். என் கடையும் வாசலுக்கு வெளியே வந்தது. ஆகவே அன்று போட்ட சோறுதான் களத்துக்காரனாக அவன் போட்ட கடைசிச் சோறு. துலோவுக்கு எதிராகக் கட்டியிருந்த "இல்லை" பக்கத்துக்காரர்கள்தான் அதிகம் சாப்பிட்டார்கள்.

அடிக்க வேண்டிய சேவல் எது என்ற கேள்வி வந்தது. முற்றத்தில் சேவல் ஏது? துலோ வீட்டுக்குப் போய், தான் ஆசையாக வளர்த்த செங்கழுத்துச் சேவலைக் கொண்டுவந்தான். அதைக் களத்தில் இறக்கியதே இல்லை. இடது கையில் நெஞ்சோடு சேர்த்துத்தான் கொண்டுவந்தான்.

"நெசமாவா?" என்று கேட்டேன்.

"சட்டம்னா சட்டம்தான் அக்கா. தண்ணி கொதிக்குதா பாரு."