மார்பளவு வெள்ளம்

ஏரி உடைந்த வருடம் எங்கள் வடக்குப்பட்டுக்கு டிவிக்காரர்கள் ஜீப்பில் வந்தார்கள். தெருவில் முழங்கால் அளவுதான் தண்ணீர். கேமராக்காரருக்கு அது போதவில்லை. எங்கள் கறுப்பு ஆட்டை அப்பாவின் தோளில் ஏற்றி, "கொஞ்சம் குந்திக்கினு நட நைனா" என்றார். அப்பா குந்தியபடியே நடந்தார். தண்ணீர் மார்புக்கு ஏறிவிட்டது.

அதன்பிறகு எந்த ஊரில் வெள்ளம் வந்தாலும் செய்தியில் அப்பா வந்தார். தஞ்சாவூரில் புயல் என்றால் அப்பா. ஆந்திராவில் ஆறு பெருகினால் அங்கேயும் அதே ஆட்டோடு அப்பா. பஞ்சாயத்து டிவி முன்னால், "அண்ணாத்த, ஆந்திராலேர்ந்து எப்போ வந்தே?" என்று கேட்பார்கள். அப்பா மீசையைத் தடவிக்கொள்வார். வெளியூர்க்காரர் யாராவது கேட்டால் தண்ணீரைக் கழுத்து வரை ஏற்றிச் சொல்வார்.

ஒரு ஆவணியில் அத்தையைப் பெண் பார்க்கக் குன்றத்தூரிலிருந்து வந்தார்கள். முன்பு வந்த மூன்று இடங்களும் தட்டிப்போயிருந்தன. இந்த முறை எல்லாம் கூடிவந்து, தட்டு மாற்றும் நேரத்தில் மாப்பிள்ளையின் அம்மா அப்பாவை உற்றுப் பார்த்தார்.

"முந்தாநாளு நியூஸ்ல ஆட்ட தூக்கினு வந்தது நீதானேப்பா? வருசா வருசம் பாக்கறேன். இப்பிடி முழுவுற ஊர்ல பொண்ணெடுத்தா, தல தீவாளிக்கு எம் புள்ள இன்னா, நீஞ்சிக்கினா வருவான்?"

வெற்றிலைத் தட்டோடு எழுந்துவிட்டார். அப்பா மீசையிலிருந்து கையை எடுத்துவிட்டார்.

எங்கள் குடும்பத்திலேயே பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். மூன்றாம் வகுப்பு. விடை தெரிந்தும் சும்மா இருக்க எனக்கு வராது. எழுந்து கைகட்டி நின்றேன்.

"அது பழைய படம். அந்த ஆட்ட போன வருசம் ஆடிக்கே கொழம்பு வச்சிட்டோம். தண்ணியும் முட்டி வரிக்கும்தான். அப்பா குந்திக்கினு நடந்தாரு."

அம்மா என் தொடையில் கிள்ளினாள். வந்தவர் நம்பவில்லை. "ஆட்ட தூக்கினு குந்திக்கினே எப்பிடிம்மா நடப்பாங்க?"

அப்பா கதவோரம் நின்ற அத்தையைப் பார்த்தார். வேட்டியை மடித்துக் கட்டினார். ஆட்டுக்குப் பதில் ஒரு தலையணையைத் தோளில் போட்டுக்கொண்டு, அத்தனை பேர் முன்னாலும் காய்ந்த வாசலில் குந்தி நடந்தார்.

"இன்னும் கீழ குந்துப்பா! தண்ணி மார் வரிக்கும் வரணும்!" என்று நான் கத்தினேன்.

மாப்பிள்ளையின் அம்மா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "போதும்பா, எய்ந்துரு" என்று தட்டைக் கீழே வைத்து உட்கார்ந்தார். அன்றே முகூர்த்த நாள் குறித்தார்கள்.

அத்தை மட்டும் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டிருந்தாள். தோள்கள் குலுங்கின. எல்லோரையும் போல அவளும் சிரிக்கிறாள் என்றுதான் நான் நினைத்தேன்.