ஹிசானோவின் ஒற்றைப் பிரதி

ஹிசானோ உப்பைக் கேட்டால் கொடுப்பாள், குடையைக் கேட்டால் கொடுப்பாள், புத்தகம் மட்டும் யாருக்கும் இரவல் தரமாட்டாள். ஜப்பானின் சென்டாயில் ஒரு பள்ளிச் சமையற்கூடத்தில் பத்தொன்பது வருடமாக மிசோ சூப் கிண்டுகிறவள். அவள் சேர்ப்பது கடையில் விற்கும் புத்தகமல்ல. வரைந்தவர்களே சந்தையில் மேசை போட்டு விற்கிற, ஐம்பது நூறு பிரதிகள் மட்டும் அச்சடித்த, கையடக்கக் காமிக்ஸ் தொகுப்புகள். கோட்டுப் பையில் ஒன்று இல்லாமல் அவள் ரயில் ஏறியதில்லை. வீட்டில் எழுநூறு இருந்தன. வேறு யாரும் இல்லை.

அந்த எழுநூறில் ஒன்றுக்கு இப்போது கண்டம் வந்திருந்தது. குவாபரா என்ற ஓவியரின் வீட்டில் வெள்ளம் புகுந்து மூல ஓவியங்கள் எல்லாம் கூழாகிவிட்டன. பழைய கதைகளைத் திரட்டி ஒரே தொகுப்பாகப் போடவிருந்தவர். மற்றப் புத்தகங்களின் பிரதிகள் எங்கெங்கோ கிடைத்தன. முதல் புத்தகம் ஹிசானோவிடம் மட்டும்தான். பதினோரு வருடத்துக்கு முன், சந்தை முடியும் நேரத்தில் அவள் முகத்தைப் பார்த்து இரங்கி, தனக்கென்று வைத்திருந்த பிரதியையே தூக்கிக் கொடுத்த புத்திசாலி அவர்.

ஞாயிறு மாலை ஐந்துக்குள் அச்சகத்துக்குப் பக்கங்கள் போயாக வேண்டும். அன்றுதான் ஞாயிறு, மணி மூன்று. ஹிசானோ புத்தகத்தோடு வந்திருந்தாள்; குவாபராவின் சாப்பாட்டு மேசையில் இஸ்திரிப்பெட்டி சூடாகிக்கொண்டிருந்தது.

"தாளைப் பிரிச்சாத்தான் நகலெடுக்க முடியும்," என்றார் அவர். "புத்தக முதுகை வெட்டினா உள்ளோரம் போயிடும். சூடு வச்சா பசை இளகும், தாள் தாளா உருவிடலாம்."

"இதுவரைக்கும் எத்தனை பிரிச்சிருக்கீங்க?"

"ரெண்டு."

"ரெண்டும் நல்லா வந்துச்சா?"

"ஒண்ணு வந்துச்சுங்க."

ஹிசானோ புத்தகத்தைப் பைக்குள் வைத்துக்கொண்டு வாசலுக்குப் போய்ச் செருப்பை மாட்டினாள். அந்தப் புத்தகத்தின் கடைசிக் காட்சியில், எதிரெதிர் தாள்கள் இரண்டிலும் நீளும் ஒரு பாலம். ஒரு தாளில் அம்மா, எதிர்த்தாளில் மகள், தனித்தனியே நடப்பார்கள். ஹிசானோவின் அம்மாவும் அப்படித்தான், திரும்பிப் பார்க்காமல் நடந்தவள். உலகத்தில் தன்னைப்போல் இன்னொருத்தி உண்டு என்று அவளுக்குச் சொன்னது அந்தப் பக்கம்தான். நாளைக்குத் தன் வீட்டிலும் வெள்ளமோ தீயோ வந்தால் அந்தப் பெண் அடையாளமில்லாமல் போய்விடுவாள் என்று தோன்றியது. செருப்பைக் கழற்றினாள்.

"பெட்டிய இப்படிக் கொடுங்க. ரெண்டுல ஒண்ணக் கெடுத்த கைய நம்ப மாட்டேன்."

புத்தகத்தை எடுத்து வைத்து, முதுகின்மேல் துணியைப் போட்டு அவளே அழுத்தினாள். பசை நாற்றம் கிளம்பியது. எங்கும் கருகவில்லை. தாள்கள் ஒவ்வொன்றாக வந்தன. கடைசி இரண்டையும் உருவிப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தாள்.

பசைக்குள் இத்தனை நாள் புதைந்திருந்த விரற்கடை ஓரத்தில் இரண்டு கைகள் கோத்திருந்தன.

"இது என்ன?"

"அம்மா கையும் மக கையும். முதல் புத்தகமில்லையா, மடிப்புக்கு இடம் விடணும்னு அப்போ தெரியாதுங்க. உள்ள போயிடுச்சு."

"பதினோரு வருஷமா அவ தனியாப் போறான்னுல்ல நெனச்சேன்."

"நான் அப்படி வரையவே இல்லையே."

ஹிசானோ நாற்காலியில் உட்கார்ந்தாள். இருந்த ஒரே துணையும் தன்னை விட்டுவிட்டுப் போனது போல் இருந்தது. கோபமும் வந்தது, யார்மீது என்றுதான் தெரியவில்லை.

நாலரை ஆனது. குவாபரா தயங்கித் தயங்கிக் கேட்டார். "புதுத் தொகுப்புல கை தெரியற மாதிரி படத்த நகர்த்தவா, இல்ல இருந்தபடியே விட்டுடவா? நீங்க சொல்றதுதான்."

ஹிசானோ இரண்டு தாள்களையும் ஓரத்தோடு ஓரம் சேர்த்து நேராக்கினாள்.

"நகர்த்துங்க," என்றாள். "அந்தப் பொண்ணாவது கையப் புடிச்சிட்டுப் போகட்டும்."