கல்லுக்கு அந்தாண்ட ஒரு கல்யாணம்

என் வீட்டுக்காரருக்கு இரண்டாவதாகப் பெண் பார்த்திருக்கிறார்கள் என்று யாரும் எனக்கு வந்து சொல்லவில்லை. நானாகக் கேட்டுத்தான் தெரிந்துகொண்டேன். மாமியாரும் அவருடைய அண்ணனான எங்கள் மாமாவும் வாசலில் உட்கார்ந்து தெலுங்கில் பேசிக்கொண்டிருந்தார்கள். நான் சாணிக்கூடையோடு பக்கத்தில் போனதும் கன்னடத்துக்கு மாறினார்கள். ஓசூர்ப் பக்கத்தில் ரகசியம் பேச மொழியே கிடையாது. எதில் பேசினாலும் எல்லோருக்கும் விளங்கித் தொலைக்கும். பெண் ஆனேக்கல் பக்கம் என்றும், வயசு பதினேழு என்றும், மூத்தவள் மலடிதானே, வாயைத் திறக்கமாட்டாள் என்றும் கேட்டேன். கூடை என் கையிலிருந்து நழுவிவிட்டது. மாமியார் திரும்பிப் பார்த்து, "பாத்துப் போம்மா" என்றார். அவர் என்னை அம்மா என்று கூப்பிட்டது அதுதான் முதல் தடவை.

இது ஐம்பதுகளில் நடந்தது. இந்தப் பக்கம் மதராஸ் ராஜ்யம், அந்தப் பக்கம் மைசூர், நடுவில் ஒரு எல்லைக்கல். நாங்கள் மத்திகிரியில் வாடகை வீட்டில் இருந்தோம். அவருக்கு சர்க்கார் மாட்டுப் பண்ணையில் வேலை. யாரும் கிட்டப் போகப் பயப்படும் பொலிகாளையை மூக்கணாங்கயிற்றைப் பிடித்து ஆட்டுக்குட்டிபோல நடத்தி வருவார். அந்த ஆள் மனுஷர்களிடம் மட்டும் நடுங்குவார். அம்மாவிடம் பயம், தாய்மாமனிடம் பயம், அதிகாரியிடம் பயம். பொய் சொல்லக்கூட அவருக்கு வராது, நாக்கு குழறிவிடும். கல்யாணமாகி நாலு வருஷம், எனக்கு வயிறு திறக்கவில்லை. அதற்கு அவர் என்னை ஒரு வார்த்தை சொன்னதில்லை. எனக்காகவும் ஒரு வார்த்தை பேசியதில்லை. எனக்காகப் பேசாததுதான் எனக்கு ஆத்திரம்.

நடுவில் ஒரு நாள் எனக்கு உயிர் வந்தது. பண்ணையில் எல்லோரையும் நிற்க வைத்து அதிகாரி சொன்னாராம்: இப்போது சட்டம் வந்துவிட்டது, முதல் பெண்டாட்டி இருக்கும்போது இன்னொருத்தியைக் கட்டினால் ஜெயில், வேலையும் போய்விடும். சாப்பிட உட்கார்ந்தபோது அவர் அதைச் சுவரைப் பார்த்தபடி சொன்னார். நான் அவர் தட்டில் இன்னொரு களி உருண்டை வைத்தேன். மாமியார் கொஞ்ச நேரம் யோசித்தார். பிறகு சிரித்தார்.

"சட்டம் இங்கதானே? கல்லுக்கு அந்தாண்ட மைசூரு. இங்க சாராயம் குடிச்சாலும்தான் ஜெயிலு. உங்க மாமன் வாரா வாரம் அந்தாண்ட போயி குடிச்சிட்டு வரலயா? குடிக்கறதுக்குப் போறவங்க கட்டிக்கறதுக்கும் போலாம்."

பக்கத்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்த மாமா தலையாட்டினார். எங்கள் ஊரில் யாரைக் கேட்டாலும் அதைத்தான் சொல்லியிருப்பார்கள். எல்லைக்கல்லைத் தாண்டினால் எல்லாம் வேறு. சாராயக்கடை திறந்திருக்கும், அதிகாரி வேறு, கோர்ட்டு வேறு. அதனால் கல்யாணமும் வேறு என்று நானும் நம்பினேன். இந்தப் பக்கத்துக்காரர் எங்கே போய்க் கட்டினாலும் அது செல்லாது என்பது பல வருஷம் கழித்துத்தான் எங்களுக்குத் தெரிந்தது.

பெண்ணைப் பெற்றவர் ஒரு நிபந்தனை போட்டிருந்தார். மூத்தவள் இருக்கிற வீட்டுக்குப் பெண் கொடுப்பதென்றால் அந்த மூத்தவளே சேலையும் வெற்றிலை பாக்கும் வைத்த தட்டைக் கையில் கொடுத்து, "தங்கச்சி, எங்க வீட்டுக்கு வா" என்று கூப்பிட வேண்டும். அந்தப் பக்கத்தில் அது வழக்கம். மூத்தவள் கூப்பிடாமல் போன பெண்ணுக்கு அந்த வீட்டில் மரியாதை கிடையாது. அதனால்தான் திடீரென்று நான் அம்மாவாகிவிட்டேன். மாமியார் என் தலைக்கு எண்ணெய் வைத்தார். பால் காய்ச்சிக் கொடுத்தார். அடித்திருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். அந்தப் பாலைக் குடிக்கவே பயமாக இருந்தது.

"நான் வரமாட்டேன்னு சொன்னா?" என்று ஒரு தடவை கேட்டுப் பார்த்தேன்.

"வரவேணாம். உங்க அண்ணன் வூட்டுக்குப் போயிக்கோ" என்றார், என் கூந்தலைப் பின்னிக்கொண்டே.

அண்ணன் வீடு தொரப்பள்ளிப் பக்கம். அப்பா அம்மா இல்லை. அண்ணிக்கு வரிசையாகப் பிள்ளைகள். போன பொங்கலுக்குப் போய் இரண்டு நாள் சேர்ந்தாற்போல் இருந்ததற்கே அவள் பாத்திரத்தை நங் நங்கென்று வைத்தாள். சரி, போலீசிடம் போய்ச் சொன்னால்? அவரைப் பிடித்து உள்ளே போடுவார்கள், வேலை போகும், வாடகை வீடும் போகும். அப்புறம் என்னை யார் வைத்துக் காப்பாற்றுவது? எனக்காகத்தான் அந்தச் சட்டத்தைப் போட்டார்களாம். சோறு இறங்கவில்லை. கிணற்றடியில் குடத்தை வைத்துவிட்டு எதற்கு வந்தேன் என்று தெரியாமல் நின்றுகொண்டிருப்பேன்.

கல்யாணத்தன்று காலையில் வண்டி கட்டினார்கள். மாமா ஓட்டினார். மாமியார் என் பக்கத்தில். என் வீட்டுக்காரர் புது வேட்டி கட்டி, வண்டியின் பின்பக்கம் காலைத் தொங்கவிட்டு உட்கார்ந்திருந்தார். தட்டு என் மடியில். அதில் அரக்குச் சேலை, தேங்காய், வெற்றிலை பாக்கு, மஞ்சள் கயிற்றில் கோத்த புதுத் தாலி. அந்தத் தாலிப் பொட்டையே பார்த்துக்கொண்டு வந்தேன். என் கழுத்தில் இருந்ததைவிடப் பெரியது. அழுகை வரவில்லை. அச்சு முறியட்டும், மாடு படுத்துக்கொள்ளட்டும் என்று எல்லாச் சாமியையும் வேண்டினேன். இரண்டு மாடும் ரொம்பத் தெம்பாக நடந்தன.

கல்லுக்கு இந்தப் பக்கம் ஒரு கீற்றுக்கொட்டகையும், ரோட்டுக்குக் குறுக்கே ஒரு மூங்கிலும் இருக்கும். மதுவிலக்குப் போலீஸ். அவர்கள் அங்கே நிற்பது எல்லோருக்கும் தெரியும். வெறும் ஆளாகப் போகும்போது யாருக்கும் அது உறைக்காது. அன்றைக்கு அந்த மூங்கிலைக் கண்டதும் மாமியாரின் கை என் முழங்கையைப் பிடித்தது.

அரைக்கால் சட்டையும் கையில் கம்புமாக ஒரு போலீஸ்காரர் வந்தார். தெற்கத்திக்காரர் என்று பேச்சிலேயே தெரிந்தது.

"எங்க போறீக?"

"கோயிலுக்குங்க" என்றார் மாமா. அதே மூச்சில் மாமியார், "சொந்தக்காரங்க வூட்டுக் கல்யாணமுங்க" என்றார்.

"கோயிலா, கல்யாணமா? ஒண்ணைச் சொல்லுங்க." கம்பு நுனியால் என் மடியைக் காட்டினார். "தாலி உங்க வண்டியில இருக்கு. அப்ப கல்யாணம் உங்க வீட்டுலதான். மாப்பிள்ளை யாரு?"

போலீஸ்காரர் நடந்து பின்பக்கம் போனார். புது வேட்டியில் மஞ்சள் வைத்திருந்தது.

"நீதானா?"

"ஆமாங்க" என்றார் என் வீட்டுக்காரர்.

"பொண்ணு எங்க?"

எனக்கு என் வீட்டுக்காரரைத் தெரியும். இன்னும் ஒரு தடவை கேட்டால் உள்ளதை உள்ளபடி சொல்லிவிடுவார். பொண்ணு மைசூர்ல இருக்குதுங்க, இது மூத்தவங்க, அம்மா வரச் சொன்னாங்க என்று எல்லாவற்றையும் கொட்டிவிடுவார். கையில் விலங்கோடு அவர் போவதும், வீட்டுச் சொந்தக்காரர் எங்கள் சாமான்களைத் தெருவில் வைப்பதும், அண்ணி பாத்திரத்தை வைப்பதும் ஒரு நொடியில் என் கண்ணில் ஓடின. அடிவயிற்றிலிருந்து பயம் மேலே ஏறியது. அது பேச்சாக வெளியே வந்துவிட்டது.

"நான்தானுங்க பொண்ணு."

என் குரலா என்று எனக்கே சந்தேகம். மாமியார் பிடித்திருந்த கையை விட்டுவிட்டார்.

"எங்களுக்குக் கல்யாணமாயி நாலு வருஷமுங்க. புள்ள இல்ல. தாலி மாத்திக் கட்டிக்கினா நல்லதுன்னு பெரியவங்க சொன்னாங்க. அதுக்குத்தான் போறமுங்க."

அப்படிச் செய்கிற வழக்கமும் எங்கள் பக்கம் உண்டு. அதனால் அவர் நம்பினார். நம்பியும் விடவில்லை.

"தாலி மாத்த மைசூருக்கு எதுக்குப் போகணும்? இந்தா பக்கத்துல அம்மன் கோயில் இருக்கு. அந்தாலே போயி குடும்பமே குடிச்சிட்டு வரலாம்னு பாக்கீகளோ? இறங்குங்க. இங்கயே கட்டுங்க, நானும் பாக்கேன்."

குடி என்ற வார்த்தை என் காதில் மட்டும்தான் விழுந்ததுபோல. மாமியாருக்குக் காது அடைத்துவிட்டது. "யாரோ போட்டுக் குடுத்துட்டாங்கண்ணா, எல்லாம் தெரிஞ்சுக்கினு வந்திருக்கான்" என்று தெலுங்கில் மாமாவிடம் முனகினார். இரண்டாங்கல்யாணத்தைப் பிடிக்கத்தான் சர்க்கார் அங்கே மூங்கில் போட்டு ஆளை நிறுத்தியிருக்கிறது என்று அவர் அந்த நிமிஷத்திலிருந்து நம்பினார்.

கோயில் என்றால் ஒரு கல்லும் மேலே ஒரு வேப்பமரமும்தான். பூசாரி கிடையாது. போலீஸ்காரர் கம்பைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நின்றார். இன்னொருத்திக்கு என்று வாங்கிய அரக்குச் சேலையை நான் தோளில் போர்த்திக்கொண்டு குனிந்தேன். என் வீட்டுக்காரர் தாலியைக் கையில் எடுத்தார். கயிறு இரண்டு தடவை நழுவியது. "சீக்கிரம்யா" என்றார் போலீஸ்காரர். ஒரு முடிச்சு விழுந்தது. எனக்கு நாத்தனார் கிடையாது, மீதி முடிச்சை மாமியார்தான் போட வேண்டும். போட்டார். அவர் விரல் என் பிடரியில் பட்டது. கயிற்றை இறுக்கிவிடுவாரோ என்றுகூட நினைத்தேன்.

பிறகு போலீஸ்காரர் எங்கள் வண்டிக்குப் போனார். வைக்கோலைக் கம்பால் குத்திப் பார்த்தார். செம்பை மோந்து பார்த்தார். குனிந்து வண்டிக்கு அடியில் பார்த்தார். அவர் தேடியது புட்டிதான், வேறொன்றும் இல்லை என்று எனக்கு அப்போது நன்றாகப் புரிந்துவிட்டது. திரும்பி மாமியாரைப் பார்த்தேன். அவர் கண்ணை மூடிக்கொண்டு அம்மனிடம் எதையோ முணுமுணுத்துக்கொண்டிருந்தார். நான் ஒன்றும் சொல்லவில்லை.

"உங்க மூஞ்சியெல்லாம் எனக்கு ஞாபகம் இருக்கும். வீட்டுக்குப் போங்க" என்றார் போலீஸ்காரர். மாமா மறுபேச்சில்லாமல் வண்டியைத் திருப்பினார். பொண்ணு இவள்தான் என்று கண்ணால் பார்த்த ஆள் அதே மூங்கிலடியில் நிற்கும்போது, வேறொரு பெண்ணை வண்டியில் ஏற்றிக்கொண்டு எப்படி வருவது? குடித்த சாராயத்தை வயிற்றில் வைத்துக்கொண்டு வரலாம். கட்டிய பெண்டாட்டியை எங்கே வைத்து மறைப்பது?

ஆனேக்கல் பக்கம் அந்தப் பெண் மஞ்சள் பூசி, பூ வைத்து, வண்டிச் சத்தத்துக்குக் காது கொடுத்து உட்கார்ந்திருப்பாள். எனக்கும் அவளுக்கும் ஒரு பகையும் இல்லை. அவளை நினைத்துத்தான் அன்று நான் முதல் தடவையாக அழுதேன். வேறு இடத்தில் அவளைக் கட்டிக் கொடுத்துவிட்டார்கள் என்று செய்தி வரும்வரைக்கும் அந்தத் திசையிலிருந்து எந்த வண்டி வந்தாலும் எனக்கு நெஞ்சு அடித்துக்கொள்ளும். பிறகு பெண் பிறந்தாள், அவளுக்குப் பின்னால் ஒரு பையன். பிறக்காமல் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைக்க இன்றைக்கும் எனக்குத் தைரியம் இல்லை.

ஊரில் இரண்டு பெண்டாட்டி கட்டியவர்கள் உண்டு. ஒரே பெண்டாட்டிக்கு இரண்டு தாலி கட்டியவர் என் வீட்டுக்காரர் ஒருத்தர்தான். என் கழுத்தில் இரண்டும் கிடந்தன, சின்னதும் பெரியதும். கயிறு மாற்றும்போதெல்லாம் அவர் வேறு பக்கம் பார்ப்பார்.

பேரன் பேத்தி எடுத்த பிறகு ஒரு நாள் கேட்டே விட்டேன். ஆசையாகத்தான் கேட்டேன். "அன்னிக்கு அந்தப் பெரிய தாலிய எனக்குக் கட்டுனீங்களே, அப்ப உங்க மனசுல என்ன இருந்துச்சு?"

வெற்றிலையில் சுண்ணாம்பு தடவிக்கொண்டிருந்தவர் கையை நிறுத்தி, நிஜமாகவே யோசித்தார். "போலீஸ்காரரு பாத்துக்கினு இருந்தாரு" என்றார்.

எனக்குச் சுருக்கென்றது. எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டேன். உலை கொதிக்கும்வரை அங்கேயே உட்கார்ந்திருந்தேன். ஒரு பொய்யாவது சொல்லியிருக்கலாம் இந்த மனுஷன் என்றுதான் முதலில் நினைத்தேன். பிறகுதான் உறைத்தது: அன்றைக்கு அந்த மூங்கிலடியில் ஒரே ஒரு பொய் சொல்ல அவருக்கு வந்திருந்தால் இந்த அடுப்படியில் வேறொருத்தி உட்கார்ந்திருப்பாள். எழுந்து அரிசியைக் களைந்து போட்டேன்.