அக்கா மடியில் சுமந்த படச்சுருள்

எங்கள் அக்கா மறைந்து ஓராண்டு ஆகிறது. இந்த நினைவு மலரைக் கையில் வைத்திருக்கும் உங்கள் எல்லோருக்கும் அவரைத் தெரியும். அவர் செய்த தொழிலைத் தெரிந்தவர்கள் சிலர்தான்.

அக்கா பிறந்தது தாம்பரம் ரயில்வே குடியிருப்பில். அப்பா திடீரென்று காலமானபோது படிப்பை நிறுத்திவிட்டுக் கோடம்பாக்கத்தில் ஒரு படத்தொகுப்புக் கூடத்தில் வேலைக்குச் சேர்ந்தார். என்னையும் தம்பியையும் கரையேற்றியவர் அவர்தான். பிறகு சேலையூர் வீட்டின் பின்னறையில் பழைய படச்சுருள்களைச் சேர்த்துவைத்து, சினிமாக்காரர்கள் கேட்கும் பழங்காலக் காட்சிகளைக் கொடுக்கத் தொடங்கினார். அந்த அறைக்கு ஏசி, எங்களுக்கு மின்விசிறி. வீட்டுச் சாவியைத் தினமும் தொலைப்பவர், எந்த டப்பாவில் எந்த ஊர் மழை இருக்கிறது என்பதை மட்டும் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வார்.

அப்படிப்பட்டவரும் ஒருமுறை தவறினார். ஒரு படத்துக்கு, பழைய தாம்பரம் ரயில் நிலையம் என்று ஒரு காட்சியைக் கொடுத்திருந்தார். படம் முடியும் தறுவாயில் திரையில் பார்த்தபோதுதான் நடைமேடைத் தூண்கள் சதுரமாக இருப்பது அவர் கண்ணில் பட்டது. சிறுவயதில் நாங்கள் சுற்றிச் சுற்றி ஓடிய தூண்கள் உருண்டை. டப்பாவின் மேல் யாரோ எழுதியிருந்த ஊர்ப் பெயரை நம்பி ஏமாந்துவிட்டார்.

"விடுங்க மேடம், நாலு செகண்ட் ஷாட். யார் கண்டுபிடிக்கப் போறாங்க?" என்றார் இயக்குநர்.

"நான் கண்டுபிடிச்சுட்டேனே சார்" என்றார் அக்கா. பத்து நாள் அவகாசம் கிடைத்தது.

ஓய்வுபெற்ற ரயில்வேக்காரர்களின் வீடு வீடாக ஏறி இறங்கினோம். வெயில் எரிச்சலில் நான் அவரைத் திட்டவும் செய்தேன். ஒன்பதாம் நாள், பீர்க்கன்கரணையில் முன்னாள் ரயில் கார்டு ஒருவர் தம் கல்யாணப் படச்சுருளை எடுத்துவந்தார். சிங்கப்பூரிலிருந்து வந்த மைத்துனர் எடுத்ததாம். அக்கா அதை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். தாம்பரம் நடைமேடையில், உருண்டைத் தூணில் சாய்ந்து மணப்பெண் சிரித்துக்கொண்டிருந்தார். அந்த அம்மா இறந்து பல வருடங்கள் ஆகியிருந்தன.

பெரியவருக்கு அதைக் கொடுக்க மனமே வரவில்லை. "எங்க வூட்டுக்காரம்மா சிரிக்கிறது இது ஒண்ணுலதான் கீது. பத்திரமா திருப்பிக் குட்த்துடு, இன்னாம்மா?"

கோடம்பாக்கம் போய்ப் பிரதி எடுத்துத் திரும்பும்வரை அக்கா அந்த டப்பாவை மடியைவிட்டு இறக்கவில்லை. தண்ணீர் குடிக்கும்போதுகூட அதை என்னிடம் தரவில்லை. எனக்குக் கோபம்தான் வந்தது. இப்போது நினைத்தால் பெருமையாக இருக்கிறது. படம் வெளியானபோது பெரியவரையும் அழைத்துப்போனோம். அந்த நாலு செகண்டில் அவர் அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டார்.

கடைசி மாதங்களில், படுக்கையில் இருந்தபடியே டப்பாக்களின் பெயர்களைச் சரிபார்த்தார் அக்கா. அவரைக் கவனித்துக்கொண்ட மருத்துவர்களுக்கும், சோறு கொண்டுவந்த பக்கத்து வீட்டாருக்கும், கண்ணீரோடு வந்து நின்ற திரைத்துறை நண்பர்களுக்கும் எங்கள் நன்றி.

இன்னும் ஒருவருக்கு நன்றி சொல்ல வேண்டும். இம்மலரின் அட்டைக்குப் படம் தேடியபோது, அக்கா சிரிக்கும் படம் ஒன்றுகூட வீட்டில் இல்லை. செய்தி கேட்டு அந்தப் பெரியவரே ஒரு படத்தோடு வந்தார். படச்சுருளைத் திருப்பிக் கொடுத்த அன்று அவர் மகள் எடுத்த புகைப்படம். இரு கைகளிலும் டப்பாவுடன் அக்கா வாய்விட்டுச் சிரிக்கிறார்.

"என்னாண்ட இது ஒண்ணுதான் கீது. பத்திரமா திருப்பிக் குட்த்துடு, இன்னாம்மா?" என்றார்.

அட்டை அச்சானதும் அந்தப் புகைப்படத்தை மடியில் வைத்துக்கொண்டு மின்ரயிலில் போய், அவர் கையிலேயே கொடுத்துவிட்டு வந்தேன்.